எரியாத ஓடிகொலோன்

கடையில் அவளுக்குப் பெயர் 'மூக்கு'. வாடிக்கையாளர் வாசலில் கால் வைக்கும்போதே அவர் சட்டையில் இருப்பது என்ன வாசனை, அசலா போலியா, இன்று அடித்ததா நேற்று அடித்ததா என்று சொல்லிவிடுவாள். வாசனைத் திரவியக் கடையில் அப்படி ஒரு மூக்கு கிடைத்தால் மேனேஜர் லேசில் விடுவாரா? ஓடிகொலோன் பிரிவு முழுவதையும் அவள் பொறுப்பில் கொடுக்கப்போவதாகச் சொல்லியிருந்தார். சம்பளம் கூடும். வீடு திரும்ப இருட்டிவிடும்.

இருட்டும்வரை பள்ளி விட்டு வரும் மகனை யார் பார்ப்பது? கணவன் வெளியூர் வேலையில் இருந்தான். வீட்டில் இருந்தது அப்பா ஒருவர்தான். பஸ் ஓட்டி ரிட்டயரானவர், பேரன் என்றால் உயிரை விடுவார். யோசிக்காமல் அவரிடம் விட்டுவிடலாம், பழைய கதை ஒன்று இல்லாதிருந்தால். அவர் ஒரு காலத்தில் குடித்தவர். தெருவே கூடி நின்று வேடிக்கை பார்த்த குடி. அம்மா இறந்த அன்று விட்டார். அதற்கப்புறம் தொடவில்லை என்றுதான் அவளும் நம்பியிருந்தாள், வீட்டில் ஓடிகொலோன் பாட்டில்கள் மளமளவென்று தீரும்வரை. அதிலிருந்து, பையனை நான் பார்த்துக்கொள்கிறேன் என்று அவர் சொல்லும்போதெல்லாம் பேச்சை மாற்றினாள்.

பெட்டி நசுங்கிய பாட்டில்களைக் கடையில் வேலை செய்பவர்களுக்குப் பாதி விலைக்குத் தருவார்கள். கோடையில் அப்பாவுக்கு அடிவயிற்றில் ஒரு ஆபரேஷன் நடந்தது. எல்லாம் சரியாகிவிட்டது என்றார் டாக்டர். அவளும் அதற்கு மேல் கேட்டுக்கொள்ளவில்லை. வீடு வந்தவருக்கு அப்படி ஒரு பாட்டிலைக் கொண்டுவந்து கொடுத்தாள். மனிதர் ஜென்மத்தில் முகத்துக்குப் பவுடர் பூசியவரில்லை. ஓடிகொலோன் என்றால் அவருக்குத் தெரிந்தது ஒன்றுதான். மகளுக்குச் சின்ன வயதில் காய்ச்சல் வந்தால் துணியில் நனைத்து நெற்றியில் போட்டுவிட்டுப் பக்கத்திலேயே உட்கார்ந்திருப்பார். பாட்டில் வருடக்கணக்கில் வரும் என்று அவள் நினைத்தாள். மாதம் முடிவதற்குள் தலையைச் சொறிந்துகொண்டு வந்து நின்றார்.

"அந்த எலுமிச்சம்பழ வாசனை... இன்னொண்ணு கிடைக்குமாம்மா?"

அடுத்தது அதற்கும் சீக்கிரமாகக் காலியானது. அதற்கடுத்தது அதைவிடச் சீக்கிரம்.

அவளைக் கெடுத்தது அவள் தொழிலறிவுதான். ஓடிகொலோனின் கதையை வாடிக்கையாளர்களுக்கு அவள் சொல்கிற அழகே தனி. எலுமிச்சையும் ஆரஞ்சும் காய்க்கிற நாட்டிலிருந்து ஒருவன் பிழைப்புத் தேடிக் குளிர் நாட்டுக்குப் போனான், ஊர் நினைப்பு தாங்காமல் மழை விட்ட காலைப்பொழுதைப் பாட்டிலில் அடைத்தான் என்று ஆரம்பிப்பாள். முதலில் அதை மருந்து என்றுதான் விற்றார்கள், சர்க்கரைக் கட்டியில் சொட்டு விட்டுத் தின்றார்கள், ஒயினில் கலந்து குடித்தார்கள், போருக்குப் போன பேரரசன் ஒருவன் பூட்ஸுக்குள்ளேயே ஒரு பாட்டிலைச் செருகியிருந்தானாம் என்பாள். வாடிக்கையாளர்கள் வாய் பிளந்து கேட்பார்கள். ஒருநாள் துணி மடித்துக்கொண்டிருந்தபோது அதே கதை அவளையே திரும்பி வந்து அறைந்தது. குடித்தார்கள். முக்கால் பங்குக்கு மேல் சாராயம்தானே அது!

அப்புறமென்ன, ஒன்றன்பின் ஒன்றாக எல்லாம் பொருந்தி வந்தன. விடியும் முன்பே பாத்ரூம் கதவைச் சாத்திக்கொள்கிறார். தன் துணியைத் தானே துவைக்கிறார், அவளைத் தொட விடுவதில்லை. பேரன் மடியில் ஏற வந்தால் "கால் வலிக்குதுடா" என்று தள்ளி வைக்கிறார். சோபாவை விட்டுவிட்டு ஜன்னலோரப் பிளாஸ்டிக் நாற்காலியே கதி என்று கிடக்கிறார். பேசினால்கூட நாலடி தள்ளி நின்றுதான். வாய் நாற்றம் தெரியக்கூடாது என்று குடிகாரர்கள் செய்கிற சாமர்த்தியம் அவளுக்குத் தெரியாததா?

பாட்டிலை வெளிச்சத்தில் தூக்கி எவ்வளவு குறைந்திருக்கிறது என்று பார்த்துக்கொண்டே இருந்தாள். நேராகக் கேட்டிருக்கலாம். முந்நூறு வருடக் கதையை மூச்சு விடாமல் சொல்கிற வாய்க்கு அப்பாவிடம் ஒரு கேள்வி கேட்க வரவில்லை. அவர் தூங்கிய பிறகு அவர் அறைக்குள் திருடி மாதிரி நுழைந்து, பாட்டிலைச் சமையலறைத் தொட்டியில் கவிழ்த்துவிட்டுக் குழாய்த் தண்ணீரைப் பிடித்து வைத்தாள். காலையில் ஒரு வாய் குடித்ததும் ஆள் முழிப்பார், முகத்தைப் பார்த்தே கண்டுபிடித்துவிடலாம் என்பது அவள் திட்டம். ஆனால் மறுநாள் கடையில் விழா. விடிந்தும் விடியாமலும் கூப்பிட்டுவிட்டார்கள். ஓடிய ஓட்டத்தில் பாட்டில் சுத்தமாக மறந்துபோனது.

பழைய ஓடிகொலோன்களுக்கென்று நடத்திய விழா அது. அலமாரிகளை ஒதுக்கி நாற்காலி போட்டிருந்தார்கள். கதை சொல்லப்போவது அவள். புதுப் பொறுப்பையும் அங்கேயே அறிவிப்பதாக மேனேஜர் சொல்லியிருந்ததால், பையனைக் கூட்டிக்கொண்டு கட்டாயம் வரவேண்டும் என்று அப்பாவிடம் ஏற்கெனவே சொல்லிவைத்திருந்தாள். அவரும் வந்தார். தேய்த்த சட்டை, படிய வாரிய தலை, கையில் ஒரு கைப்பை. வந்தவர் கதவோரம் கடைசி நாற்காலியில் உட்கார்ந்துகொண்டார்.

"அங்க ஏம்ப்பா உக்காந்திருக்கீங்க? முன்னாடி வாங்க."

"இருக்கட்டும்மா. இங்கதான் காத்து வருது."

"பொண்ணு பேசப்போறா, அப்பா கதவுகிட்டயா உக்காருவாங்க? எந்திரிங்க."

அவர் மறுபடி மறுபடி வேண்டாம் என்றார். அவள் விடவில்லை. பூரிப்பில் கையைப் பிடித்து இழுத்து வந்து, முன்வரிசையில் முதலாளியின் மனைவிக்குப் பக்கத்தில் உட்கார வைத்தாள். அவர் காலை ஒடுக்கி, கைப்பையை மடியில் வைத்து அழுத்திக்கொண்டார்.

கதை களைகட்டியது. "இந்த வாசனை ஒரு மணி நேரம்கூட நிக்காது. அதனாலதான் முந்நூறு வருஷமா திரும்பத் திரும்ப வாங்கிட்டே இருக்காங்க," என்றாள். சபை சிரித்தது. சிரிப்பு கொடுத்த தெம்பில், "கனமான வாசனையெல்லாம் குளிக்காதவங்களுக்கு. இது குளிச்ச உடம்புக்கு. எதையாவது மூடி மறைக்கணும்னு பாக்குறவங்களுக்கு இது சரிப்படாது!" என்றாள்.

இன்னும் பலத்த சிரிப்பு. அதன் நடுவே முதலாளியின் மனைவி கைக்குட்டையை மூக்கில் வைத்தாள். பிறகு எழுந்து, யாரையோ பார்க்கப் போகிறவள் போல வேறு நாற்காலிக்குப் போனாள். அப்போதுதான் பேசிக்கொண்டிருந்தவளுக்கும் எட்டியது. அத்தனை எலுமிச்சைக்கும் ஆரஞ்சுக்கும் நடுவே, காய்ந்து காய்ந்து மறுபடி நனைந்த மூத்திர வாடை.

மூக்காம் மூக்கு! ஊரார் சட்டையையெல்லாம் மோந்து பார்த்தவளுக்கு, ஒரே கூரையின் கீழ் இத்தனை மாதமாக இது தெரியவில்லை. ஆபரேஷன், விடியற்காலைத் துவையல், பிளாஸ்டிக் நாற்காலி, மடியில் ஏற்றிக்கொள்ளாத பேரன். எல்லாம் மறுபடியும் பொருந்தி வந்தன, இந்தத் தடவை சரியாக. அப்பா தலையைத் தூக்கவே இல்லை. கைப்பையைப் பின்னால் பிடித்துக்கொண்டு எழுந்தார், பேரன் கையைப் பற்றிக்கொண்டார், சுவரோரமாக நடந்து வெளியே போனார். அவள் பேச்சை நிறுத்தினாளா? இல்லை. பேரரசனின் பூட்ஸ் வரை சொல்லி முடித்தாள். கை தட்டினார்கள். பொறுப்பை அறிவித்தார்கள். "அந்த ஜன்னலைக் கொஞ்சம் தெறந்துவிடுங்கப்பா," என்று மேனேஜர் யாரிடமோ சொன்னது காதில் விழுந்தது. அதற்கும் அவள் சிரித்துக்கொண்டுதான் நின்றாள்.

வீட்டுக்கு வந்தபோது பையன் படம் வரைந்துகொண்டிருந்தான். பாத்ரூமில் தண்ணீர் விழும் சத்தம். கதவு பாதி திறந்திருந்தது. அப்பா குந்தி உட்கார்ந்து பேண்ட்டைக் கசக்கிக்கொண்டிருந்தார்.

"அப்பா..." என்றாள்.

அவர் திரும்பவில்லை. "காலையில ஊத்துனப்பவே தெரிஞ்சுதும்மா. எரியவே இல்லை. ஓடிகொலோன்னா தோல்ல லேசா எரியும்ல."

"தெரிஞ்சும் ஏம்ப்பா வந்தீங்க?"

"நீ வரச் சொன்னியே."

அவள் கதவு நிலையைப் பிடித்துக்கொண்டாள். "என்கிட்ட ஒரு வார்த்தை சொல்லியிருக்கக்கூடாதா? நான் என்னென்னவோ நெனச்சு..."

"குடிக்கிறேன்னு நெனச்சே. பாட்டிலை நீ வெளிச்சத்துல தூக்கிப் பாக்குறப்பவே புரிஞ்சுது. நெனச்சுக்கட்டும்னு விட்டுட்டேன். அது எனக்குப் பழகுன கெட்ட பேரு. இது புதுசும்மா, தாங்கிக்க முடியலை."

அவள் குனிந்து வாளியிலிருந்த துணியை எடுக்கப் போனாள். அவர் ஈரக்கையால் வாளியைத் தன் பக்கம் இழுத்துக்கொண்டார். அந்தப் பாட்டிலைத் தவிர மகளிடம் எதையுமே கேட்டுப் பழகாத மனிதர், முதல்முறையாகத் தலையைத் தூக்கி, ஏதோ தப்புச் செய்து மாட்டிக்கொண்டவர் போல அவளைப் பார்த்துக் கேட்டார்:

"நான் குடிக்கலைனு தெரிஞ்சுதுல்ல? இனிமே பையனை என்கிட்ட விடுவியாம்மா?"