நாற்பத்தொரு சாவு

ஆல்வின் டோர்ன் சினிமாவில் நாற்பத்தொரு தடவை செத்தார். ஒவ்வொரு தடவையும், வடக்கு பெர்லினில் எங்கள் குடியிருப்பில் ஒரு நோயாளி எழுந்து உட்கார்ந்து பசிக்கிறது என்றார். முதல் தடவை 1919-இல். அட்டைக் கோட்டை வாசலில் ஆல்வின் முதுகில் கத்தி வாங்கி விழுந்தார். அதே பிற்பகல், ரத்தமாய் இருமிக்கொண்டிருந்த டிராம் நடத்துநர் புருனோ லெம்கே உருளைக்கிழங்கு சூப் கேட்டார். தற்செயல் என்றோம். மூன்றாவது தடவைக்குப் பிறகு அப்படிச் சொல்ல யாருக்கும் வாய் வரவில்லை. முற்றத்துக் குழாயடியில் ஒரு பலகை மாட்டி, நோயாளியின் பெயரைச் சுண்ணக்கட்டியால் எழுதிவைத்தோம். ஆல்வின் ஸ்டுடியோவுக்குப் போகும்போது படித்துவிட்டுப் போவார். பல்வலிக்குக் குதிரையிலிருந்து விழுந்தால் போதும். காய்ச்சலுக்கு விஷம். நெஞ்சு நோய்க்கு நின்று நிதானமாகச் சாக வேண்டும். சுவரொட்டியில் அவர் பெயர் ஒருநாளும் வந்ததில்லை. படம் பாதியாவதற்குள் போய்ச்சேரும் அடியாளின் பெயரை யார் அச்சடிப்பார்கள்? எங்களுக்கு அவர்தான் கதாநாயகன்.

அவருடைய சட்டைகளைத் துவைத்தவர் எதிர்க்கட்டடத்துச் சலவைக்காரி ஹெட்விக். சினிமா ரத்தம் என்பது சாக்லேட் பாகு. சோப்புக்கு லேசில் மசியாது. "ஏன்யா, வெள்ளைச் சட்டை போட்டுக்கிட்டுதான் சாவியா?" என்று ஏழு வருடம் திட்டினார். ஆல்வின் ஏழு வருடமும் வெள்ளையே போட்டார். காரணம் முற்றத்துப் பூனைக்குக்கூடத் தெரியும், ஹெட்விக்குக்குத்தான் தெரியாது. 1926 குளிர்காலத்தில் ஹெட்விக்குக்கு நிமோனியா வந்தது. மறுநாள் மாலையைத் தாண்டாது என்றார் மருத்துவர். பலகையில் ஹெட்விக்கின் பெயரை ஆல்வினே எழுதினார். ஸ்டுடியோவுக்குப் போனால், இயக்குநர் முடிவை மாற்றியிருந்தார். அமெரிக்காவில் விற்க சுபமான முடிவு வேண்டுமாம். குண்டு குறி தவறும், அடியாள் திருந்துவான்.

"நான் செத்தே ஆகணும் ஐயா," என்றார் ஆல்வின்.

"உயிரோட இருன்னு சொன்னா அழுவுறியே. பொழச்சுப் போய்யா," என்றார் இயக்குநர்.

குண்டு குறி தவறியது. ஆல்வின் விழுந்தார். பிலிம் சுருள் தீரும்வரை செத்தார். கேமராக்காரர் அழுதுகொண்டே கைப்பிடியைச் சுற்றினார். இயக்குநர் ஆல்வினை அன்றே துரத்திவிட்டார். வீடு திரும்பியபோது எதிர் சன்னல் திறந்திருந்தது. "இன்னிக்கும் வெள்ளைதானா?" என்றார் ஹெட்விக், கையில் ரொட்டியோடு. ஆல்வின் குழாயடியிலேயே உட்கார்ந்துவிட்டார். வசந்தத்தில் கல்யாணம்.

வேறு கம்பெனிகளில் இன்னும் மூன்று வருடம் செத்தார். பிறகு பேசும் படம் வந்தது. ஆல்வினுக்குக் கீச்சுக்குரல், யாரும் கூப்பிடவில்லை. 1931 இலையுதிர்காலத்தில் அவரே நெஞ்சு நோயில் படுத்தார். ஹெட்விக் பலகையில் அவர் பெயரை எழுதிவிட்டு எங்களைப் பார்த்தார். "இவருக்கு யாரு சாவா?" என்றார். எங்களுக்கு வெட்கமாக இருந்தது. புருனோதான் முதலில் தொப்பியைக் கழற்றிவைத்து, தன்னைப் பிழைக்கவைத்த அந்தக் கத்திக்குத்தை நடித்து, வயிற்றைப் பிடித்துக்கொண்டு, சாம்பல் தொட்டியடியில் செத்தார். அடுத்து அடுப்பு பழுதுபார்ப்பவர், ரொட்டிக்கடைக்காரர் மனைவி. நான் அம்பு பட்டுச் செத்தேன். பத்தொன்பது பேர், எல்லாம் மோசமான சாவு. கடைசியாக ஹெட்விக், வாளியை உருட்டிவிட்டுக்கொண்டு.

மேலே சன்னல் திறந்தது.

"புருனோ, கத்தி முதுகுலய்யா குத்துச்சு. வயித்த ஏன் பிடிக்கிற?"

"செத்தவனக் குறை சொல்லாதீங்கண்ணே," என்றார் புருனோ, கண்ணைத் திறக்காமல்.

ஆல்வின் செருப்பைத் தேய்த்துக்கொண்டு இறங்கிவந்து, சூப் இருக்கிறதா என்று கேட்டார். அதன்பிறகு இருபத்திரண்டு வருடம் இருந்தார். பலகையில் பெயர் விழுந்தால் இப்போதும் ஞாயிறு மதியச் சாப்பாட்டுக்குப் பிறகு முற்றத்தில் இறங்கி, கொஞ்ச நேரம் செத்துவிட்டு, துணி காய்ந்திருந்தால் எடுத்துக்கொண்டு மேலே போகிறோம்.