ஆரணி சந்திரமோகனின் சொந்த ஊர்

படப்பிடிப்புக்கு இன்னும் இருபத்தாறு மணி நேரம் இருந்தது. அதற்குள் சந்திரமோகன் நெசவு கற்றாக வேண்டும். கற்கிறார் என்பது யாருக்கும் தெரியக் கூடாது.

பதினான்கு வருடத்தில் நூற்றுப் பத்துப் படம். நீதிபதி, பூசாரி, கொலைகாரன், கல்யாணத் தரகர், ஒரு படத்தில் மூன்று மருமகள்களுக்கு மாமியார். எந்த வேஷத்திலும் ஆளை அடையாளம் தெரியாது என்று பேர் வாங்கியவர். 1991-இல் முதல் பேட்டிக்கு வந்த நிருபர், "பூர்வீகம் எது சார்?" என்று கேட்டபோது, "ஆரணி. தறிக்காரங்க வீடு. அப்பா அம்மா ரெண்டு பேரும் இல்ல" என்று சொல்லிவிட்டார். ஆரணியில் அவர் ஒரு வருடம் சினிமாக் கொட்டகையில் டிக்கெட் கிழித்திருக்கிறார், அவ்வளவுதான். தறியைத் தொட்டதே கிடையாது. பத்திரிகை வந்ததும் பெயருக்கு முன்னால் ஊர் ஒட்டிக்கொண்டது. ஊர்க்காரர்களோ ஆளாளுக்கு, அவர் அடுத்த தெருக்காரர் என்று நினைத்துக்கொண்டார்கள்.

இப்போது 2004-இல், நெசவாளி வேஷம். "டூப் வேணாம் சார். கையும் உங்க கையா இருக்கட்டும்" என்றார் இயக்குநர். தறிக்கார வீட்டுப் பிள்ளை என்பதற்காகவே அவரைத் தேடி வந்தவர்.

ஆரணியில் படம்பிடிக்கப் போகிற வீடு நெசவாளி சிவகுமாருடையது. முந்தின நாள் காலையிலேயே சந்திரமோகன் தனியாகப் போய் நின்றார்.

"ரொம்ப நாளாச்சு. ஒரு தடவை பாத்துக்கிறேன்."

"பொறந்ததுல இருந்து பாத்த வேலை, மறந்துடுமா அண்ணா?" என்றாள் சிவகுமாரின் மனைவி ஜெயம்.

சிவகுமார் குழித்தறியில் இறங்கி உட்கார்ந்து நெய்தார். குறுக்கே ஓடும் ஊடைநூல் தீரத் தீர, அதைச் சுமந்து ஓடும் படகு மாதிரியான மரக்கட்டையை, நாடாவை, புது நூல் நிரப்பி ஜெயம் பக்கத்திலிருந்து நீட்டினாள். சந்திரமோகன் கண் இமைக்காமல் பார்த்தார். இடது தோள் கொஞ்சம் இறங்கியிருப்பது, நாலு விரற்கடைக்கு ஒருமுறை புறங்கையால் துணியைத் தடவுவது, காலை மிதிகட்டையில் வைக்கும் விதம். ஒரு மணி நேரத்தில் குழிக்குள் இறங்கி அத்தனையும் செய்து காட்டினார்.

ஜெயம் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தாள். "இவரு இருமுற இருமல் கூட வந்துடுச்சு."

"அப்ப நாளைல இருந்து தறிய அவரே ஓட்டட்டும். நான் போய் நடிக்கிறேன்."

"நீங்க நடிக்கிறததான் தினம் பாக்குறனே."

சிரித்து முடித்துவிட்டு அவள் கேட்டாள். "நீங்க எந்தத் தெரு அண்ணா?"

"விசாரணை எல்லாம் நாங்கதான் பண்ணுவோம்" என்றார், ஏதோ ஒரு படத்து இன்ஸ்பெக்டர் குரலில். மறுபடியும் சிரித்தார்கள். அவர் சட்டை முதுகோடு ஒட்டிக்கொண்டிருந்தது.

அன்று சாயங்காலம் லாட்ஜ் அறையில் இருப்புக் கொள்ளவில்லை. தலையில் துண்டைப் போட்டுக்கொண்டு பஸ் ஸ்டாண்டு வரை நடந்தார். தெள்ளார் பஸ் நின்றது. ஏறி ஜன்னலோரம் உட்கார்ந்தார். கண்டக்டர் "எங்கங்க?" என்றதும் இறங்கிவிட்டார். சோடா குடித்தார். அடுத்த பஸ்ஸிலும் ஏறினார், இறங்கினார்.

மறுநாள் பதினோரு மணிக்குக் கேமரா ஓடியது. வாசல் நிறையத் தெருஜனம். தறிச் சத்தம் சீராகக் கேட்டது. இயக்குநர் கட் சொல்ல மனமில்லாமல் நின்றார்.

நூல் தீர்ந்தது.

நேற்று நீட்டிய கை இன்று கேமராவுக்குப் பின்னால் இருந்தது. நூல் சுற்றிய குச்சியான புதுத் தாரை அவரே நாடாவுக்குள் பொருத்தினார். நூல் முனை நாடாவின் பக்கவாட்டுத் துளை வழியாக வெளியே வர வேண்டும். முனையை நாக்கில் நனைத்து, முறுக்கி, துளைக்குள் நுழைத்தார். போகவில்லை. மறுபடியும் முறுக்கினார்.

"இன்னாய்யா, ஊசியா கோத்துகினு இருக்க?" வாசலிலிருந்து தெய்வநாயகி கேட்டாள். நாற்பது வருடமாகத் தார் சுற்றுகிறவள். "வாய வச்சி உறிஞ்சு. தறிக்கார வூட்டுக் கொழந்தைக்குக்கூடத் தெரியும்."

ஜனம் சிரித்தது. இயக்குநர் கட் சொன்னார்.

"வுடுங்க, இருவது வருஷமாச்சுல்ல?" என்றார் சிவகுமார். "எனக்கே மறந்துபூடும்."

அதைப் பிடித்துக்கொண்டு ஒரு சிரிப்புச் சிரித்தால் போதும். எத்தனையோ படங்களில் சிரித்த சிரிப்புதான்.

ஜெயம் வந்து நாடாவை வாங்கினாள். துளையில் உதடு வைத்து உறிஞ்சினாள். நூல் வெளியே வந்தது. பிறகு நூலைத் திரும்ப உள்ளே இழுத்துவிட்டு, நாடாவை அவரிடமே நீட்டினாள்.

"இப்ப நீங்க வைங்க அண்ணா. உங்கம்மா இருந்து இதப் பாத்திருந்தா சிரிச்சிருப்பாங்க."

நாடாவின் ஓரம் இன்னும் ஈரமாக இருந்தது. தான் யார் என்று தெரிந்திருந்தால் இப்படி நீட்டியிருப்பாளா? அவர் அதை வாய்க்குக் கொண்டுபோகவில்லை. மடியில் வைத்தார்.

"இன்னா அண்ணா?"

"எங்கம்மா இருக்குது" என்றார் சந்திரமோகன். "தெள்ளாருக்கு அந்தாண்ட, காலனில. பேரு சின்னபொண்ணு. இன்னிக்கும் நாத்து நடப் போய்கினுதான் இருக்குது."