முயலுக்குப் போட்ட சர்க்கரை

தம்பி சாரத்திலிருந்து விழுந்து காலில் மாவுக்கட்டோடு வீட்டில் கிடந்தபோது அண்ணன் உண்மையாகவே கலங்கிப்போனான். இரண்டு பேரும் ஒரே கட்டடத்தில் கம்பி கட்டுபவர்கள். மாதம் ஒன்று போனதும் கலக்கம் நின்றது. எரிச்சல் வந்தது.

காரணம் ஒரு முயல். அண்ணன் மகள் அதற்குக் குண்டன் என்று பெயர் வைத்திருந்தாள். சித்தப்பாவும் அவளும் அடுப்படியே கதியென்று கிடந்து அதற்குத் தின்பண்டம் செய்தார்கள். ஓட்ஸைப் பொடித்து, கேரட்டைத் துருவி, விதை எடுத்த ஆப்பிளை மசித்துப் பிசைந்து, சட்டைப் பொத்தான் அளவுக்குத் தட்டி, இரும்புச் சட்டியில் சின்னத் தீயில் உலர்த்துவார்கள். துருவும் சிமெண்டுமாக அண்ணன் வேலைவிட்டு வந்து நின்றால் மகள் தலையைத் தூக்காமல், "அப்பா, தட்டை மிதிச்சிராதீங்க" என்பாள். அவ்வளவுதான் வரவேற்பு.

"வெட்டிப் பயலுக்கு முயல் சமையல்காரன் உத்தியோகமா?" என்றான் ஒருநாள்.

"சம்பளம் இல்லண்ணே. மிச்சம் விழுந்தாத்தான் சாப்பாடு" என்றான் தம்பி.

மகள் விழுந்து விழுந்து சிரித்தாள். தன் பேச்சுக்கு அவள் அப்படிச் சிரித்ததாக அவனுக்கு ஞாபகமே இல்லை.

மனைவி மட்டும் கண்டுபிடித்துவிட்டாள். "கூடப்பிறந்தவன் மேலயேவா பொறாமை? நல்லாயிருக்கு."

ஞாயிற்றுக்கிழமை மகள் புல் பறிக்கப் போய், தம்பி கண்ணயர்ந்த நேரம் பார்த்து அண்ணன் அதே மாவைப் பிசைந்தான். கூடவே இரண்டு கைப்பிடி சர்க்கரை. இனிப்பை வேண்டாமென்று சொல்லும் வாய் எங்கே இருக்கிறது? குண்டன் அவன் விரலை விடாமல் நக்கியது.

"சித்தப்பா, உங்களோடதை அது மோந்துகூடப் பாக்கல" என்றாள் மகள்.

இரண்டு நாள் அவன்தான் வீட்டில் ராஜா. தம்பி அண்ணனின் தட்டைப் பார்த்தான். எறும்பு சாரை சாரையாக மொய்த்திருந்தது.

"அண்ணே, அதுக்குப் புல்லுதான் சாப்பாடு. இதெல்லாம் சும்மா வாய்க்கு. கொஞ்சமாக் குடுண்ணே."

"உனக்கு ஏண்டா எரியுது?"

மறுநாள் காலையில் குண்டன் மூலையில் கூனிக்கொண்டு கிடந்தது. வயிறு உப்பியிருந்தது. புல்லைத் தொடவில்லை, புழுக்கையும் போடவில்லை. மகள் அழுத அழுகையில் மூன்று பேரும் ஆட்டோ பிடித்துக் கால்நடை மருத்துவரிடம் ஓடினார்கள்.

வயிற்றை அமுக்கிப் பார்த்துவிட்டு அந்த டாக்டரம்மா கேட்டார்: "புதுசா என்ன குடுத்தீங்க?"

தம்பி கட்டுப்போட்ட காலை ஊன்றிக்கொண்டு முந்திக்கொண்டான். "நான்தான் டாக்டர். ஆப்பிளை அதிகமாப் போட்டுட்டேன்."

மகள் அவன் கையைப் பிடித்துக்கொண்டாள். "விடுங்க சித்தப்பா. தெரியாமதானே செஞ்சீங்க."

அப்பாடா என்றிருந்திருக்க வேண்டும் அண்ணனுக்கு. இல்லை. அந்தப் பிடித்த கையையே பார்த்தான். தப்பு அவனுடையது. அதற்கு வந்த மன்னிப்பையும் தம்பியே வாங்கிக்கொண்டான். அதை அவனால் தாங்க முடியவில்லை.

"பொய் சொல்றான் டாக்டர். சர்க்கரை போட்டது நான். ரெண்டு கைப்பிடி."

"முதல்லயே சொல்றதுக்கென்ன?" மருத்துவர் மருந்தை எடுத்தார். "பிழைச்சுக்கும். புல்லும் தண்ணியும் மட்டும் குடுங்க."

மகள் சித்தப்பாவின் கையை விட்டாள். அப்பாவின் கையைப் பிடிக்கவில்லை.

"ஏம்ப்பா போட்டீங்க?"

"என்கிட்டயும் வரட்டுமேன்னுதான்."

"யாரு, குண்டனா?"

"ஆமா" என்றான். தம்பி ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டான்.