சுவரில் விழுந்த பெயர்

அந்தப் பெண்ணின் முகம் ஜெயஸ்ரீக்குத் தெரியாது. கை மட்டும்தான் தெரியும். நீளமான விரல்கள், மருதாணி வைத்த நகங்கள், நான்கு பச்சைக் கண்ணாடி வளையல்கள். அந்தக் கை நீட்டிய காபி டம்ளரை வாங்கிக்கொண்டது ஜெயஸ்ரீயின் கணவன் குமரவேல்.

இந்த வீட்டுக் குமரவேல் இல்லை. அந்த வீட்டுக் குமரவேல்.

திருமுடிவாக்கத்தில் அவன் வேலை பார்க்கும் லேத் பட்டறைக்கு யாரோ ஒருவர் வந்து, ஒரு வினோதமான கண்ணாடிக்குப் பித்தளைக் கூடு செய்யச் சொல்லிவிட்டுப் போனார். எட்டு மாதமாகியும் திரும்பி வரவில்லை. வீட்டுக்குக் கொண்டுபோய் வைத்துக்கொள்ளும்படி முதலாளி சொல்ல, குமரவேல் அதை மாடம்பாக்கம் வீட்டின் மேற்கு ஜன்னலில் வைத்தான். சாயங்கால வெயில் அதற்குள் நுழைந்து வளைந்து, ஃபிரிட்ஜ் பக்கத்துச் சுவரில் தோசைக்கல் அளவு வட்டமாக விழுந்தது. வட்டத்துக்குள் இதே அறை இருந்தது. ஆனால் சுவர் நீலம், ஃபிரிட்ஜ் வேறு. கையில் இதே போன்ற கண்ணாடியோடு, தாடி வைத்த ஒரு குமரவேல் இவர்களைப் பார்த்தபடி நின்றான். இரண்டு உலகத்துக்கும் நடுவே வெளிச்சம் போய் வந்தது. சத்தம் மட்டும் வரவில்லை.

முதல் நாலு நாள் இருவரும் சினிமா பார்ப்பதுபோல் சிரித்துக்கொண்டே பார்த்தார்கள். அங்கே தான் எந்த மூலையில் இருப்போம் என்று ஜெயஸ்ரீ தேடினாள். ஐந்தாம் நாள் அந்தக் கை வந்தது. தன் விரல்கள் குட்டை என்பது அவளுக்கு நன்றாகவே தெரியும்.

அதன் பிறகு குமரவேல் மாறிப்போனான். பட்டறையிலிருந்து அவளுக்கு முன்பே வந்துவிடுவான். அவள் உள்ளே நுழைந்தால் எழுந்துபோய்க் கண்ணாடியின் மேல் துண்டைப் போடுவான். கேட்டால், கண்ணுக்குக் கெடுதல் என்பான். ஒரு ஞாயிற்றுக்கிழமை அவள் தாம்பரத்துக்குப் போய்ப் பச்சை வளையல் வாங்கிப் போட்டுக்கொண்டாள். அவன் கவனிக்கவே இல்லை. அவளாகவே கழற்றி அலமாரியில் வைத்தாள்.

மூன்றாவது வாரம், பள்ளி அலுவலகத்தில் பர்மிஷன் போட்டுவிட்டு ஐந்தரைக்கே வந்தாள். கதவு திறந்திருந்தது. சுவர் வட்டத்துக்குள் அந்தத் தாடிக்காரன் ஒரு பெரிய காகிதத்தைத் தூக்கிப் பிடித்திருந்தான். வட்டத்துக்குள் அடங்கியது கடைசிச் சொல் மட்டும்தான்.

கீதா?

அவளைப் பார்த்ததும் குமரவேல் பதறித் துண்டைப் போட்டான்.

கீதா அவனுடைய மாமா மகள். இருவருக்கும் கல்யாணம் என்று பள்ளிக்கரணையில் அவன் குடும்பமே ஒரு காலத்தில் நினைத்திருந்தது. மாமியார் பேச்சுவாக்கில் அதை மூன்று முறையாவது சொல்லியிருக்கிறார். ஜெயஸ்ரீ மூன்று முறையும் சிரித்து வைத்திருக்கிறாள்.

கைப்பையைக்கூட இறக்காமல் கேட்டாள்.

"கீதா எப்படி இருக்கா?"

"எது?"

"எது இல்ல, யாரு. உங்க மாமா பொண்ணு."

"அவ இன்னாத்துக்கு இப்போ? மறைமலைநகர்ல நல்லாத்தான் கீறா."

"அந்த வீட்டுல காபி போட்டுக் குடுக்கிறாளே, அவளைக் கேக்குறேன். தெனமும் ஓடி வந்து பாக்குறீங்களே, அவளை."

குமரவேல் விழித்தான். பிறகு புரிந்து சிரித்தான். அவள் கண் நிறைந்ததைப் பார்த்ததும் சிரிப்பு நின்றது. துண்டை எடுத்துக் கண்ணாடியைக் கொஞ்சம் திருப்பினான். வட்டத்துக்குள் காகிதம் நகர்ந்தது.

"முழுசா படி."

ஜெயா போட்டோ கீதா?

'இருக்கிறதா' என்பதற்கு அவன் 'கீதா' என்பான். கல்யாணமான ஆறு வருடத்தில் அவன் வாயிலிருந்து 'பால் கீதா', 'சில்லறை கீதா' என்று ஆயிரம் முறை கேட்டிருக்கிறாள். எழுத்தில் ஒரு முறைகூடப் பார்த்ததில்லை. இந்த உலகமானாலும் அந்த உலகமானாலும், குமரவேல் பேசுகிறபடிதான் எழுதுவான்.

அவன் தரையில் உட்கார்ந்து, தாடிக்காரன் இத்தனை நாளாகக் காகிதத்தில் எழுதிக் காட்டியதை மெதுவாகச் சொன்னான். அந்தக் குமரவேலும் ஒரு தை மாதத்தில் சேலையூருக்கு ஜெயஸ்ரீயைப் பெண் பார்க்கப் போனவன்தான். யோசித்துச் சொல்கிறேன் என்று எழுந்து வந்து, மறுநாள் வேண்டாம் என்று சொல்லிவிட்டான். வேறு பெண்ணைக் கட்டிக்கொண்டான். அவள் பெயர்கூட இவனுக்குத் தெரியாது. இப்போது கண்ணாடி வழியாக ஜெயஸ்ரீயைப் பார்த்ததிலிருந்து, ஒரு போட்டோ காட்டு என்று தினமும் காகிதத்தைத் தூக்குகிறான்.

"என் மூஞ்சிய வச்சிகினே என் பொண்டாட்டிய பாக்குறான். எனக்குப் பத்திகினு வருது. அதான் துண்டு."

ஜெயஸ்ரீக்கு உள்ளுக்குள் இனித்தது. அதை மறைத்துக்கொண்டு, இவன் மறுநாள் என்ன நினைத்துச் சரி சொன்னான் என்று கேட்டாள்.

"ரெண்டு மனசாத்தான் இருந்தேன். காலைல எழுந்தேன், சரின்னு தோணுச்சு. அவனுக்குத் தோணல. அவ்ளோதான்."

அந்த 'அவ்ளோதான்' அவளைச் சுட்டது. கூடவே அவன் பொய் சொல்லவில்லை என்பதும் தெரிந்தது.

அப்போதுதான் வட்டத்தின் ஓரத்தில் பச்சை வளையல் தெரிந்தது. தாடிக்காரனுக்குப் பின்னால், கதவைப் பிடித்தபடி அந்தப் பெண் நின்றாள். முதல் முறையாக முகம் தெரிந்தது. சாதாரண முகம். அவள் ஜெயஸ்ரீயைப் பார்க்கவில்லை, கணவன் தூக்கிப் பிடித்திருந்த காகிதத்தைப் பார்த்தாள். அழவில்லை. உதட்டை உள்ளே இழுத்துக் கடித்திருந்தாள். மூன்று வாரமாகக் குளியலறைக் கண்ணாடியில் ஜெயஸ்ரீ பார்த்துவந்த அதே முகம்.

"மார்க்கர் குடுங்க" என்றாள் ஜெயஸ்ரீ.

"இன்னா பண்ணப் போற? போட்டோ குடுக்கப் போறியா?"

அவள் காலண்டரிலிருந்து ஒரு தாளைக் கிழித்து, பின்பக்கத்தில் கொட்டை எழுத்தில் எழுதிச் சுவருக்கு எதிரே பிடித்தாள்.

போட்டோ கீது. காட்ட மாட்டேன். பின்னாடி உன் பொண்டாட்டி நிக்கிறா. திரும்பிப் பாரு.

தாடிக்காரன் படித்தான். கையிலிருந்த காகிதம் தாழ்ந்தது. சட்டென்று திரும்பினான். வட்டம் முழுக்க அவனுடைய பின்னந்தலை. அதற்கு அப்பால் அந்தப் பெண் என்ன செய்தாள் என்று இவர்களுக்குத் தெரியவில்லை.

குமரவேல் எட்டி எட்டிப் பார்த்தான்.

"அவங்க வீட்டு விஷயம்" என்று சொல்லி, ஜெயஸ்ரீ ஜன்னலிலிருந்து கண்ணாடியை எடுத்தாள்.