மௌன விரதமும் வெடித்த குழாயும்

தலைமைப் பிக்குவின் ஏழு நாள் மௌன விரதத்தில் இன்னும் ஒரே நாள்தான் பாக்கி. அந்த நேரம் பார்த்துப் படிப்பறைக் குழாய் வெடித்துத் தொலைத்தது. இருபது வருடமாக அவர் எழுதிய உரைநூல், அடுக்குவதற்காகப் பக்கம் பக்கமாய்த் தரை முழுக்கப் பரப்பிக் கிடந்தது. நகல்கூடக் கிடையாது. பாய்ந்துபோய் இரண்டு கையாலும் வெடிப்பைப் பொத்திக்கொண்டார். கையை எடுத்தால் உரை முழுக்கக் கூழ்.

நரை விழுந்த சீடர் ஓடிப்போய்ப் பிளம்பரை இழுத்துவந்தார்.

"மெயின் வால்வு எங்க சாமி?"

வால்வு மொட்டை மாடியில். பிக்கு மோவாயை மேலே தூக்கிக் காட்டினார்.

சீடர் கைகூப்பிக் கண்ணை மூடினார். "ஆகா! எல்லாம் சூனியம்னு உணர்த்துறார்."

"சூனியத்துலயா வால்வு வெச்சீங்க?"

பிக்கு பல்லைக் கடித்து, கண்ணை உருட்டினார்.

"கருணைப் பார்வை," என்றார் சீடர்.

"எனக்கென்னமோ திட்டுற மாதிரி இருக்கு."

விரலிடுக்கில் தண்ணீர் பீய்ச்சியடித்தது. முதல் பக்கத்தின் மை கரைந்து ஓடியது.

"மொட்டை மாடியில இருக்குய்யா! ஓடு, போய் மூடு!" என்று கத்தினார் பிக்கு.

பிளம்பர் ஓடினார். தண்ணீர் நின்றது. போனது ஒரே பக்கம்.

"சாமி, விரதம் போச்சே!" என்றார் சீடர்.

"போனது போச்சு. நீ முதல்ல உக்காரு. உன் குறட்டையில ஆறு நாளா நான் தூங்கல. சாப்பாட்டுல உப்பு இல்ல. என் செருப்பைப் போட்டுக்கிட்டு அலையிறது யாரு?"

படியிறங்கி வந்த பிளம்பர், பையைக் கீழே வைத்துவிட்டுக் கேட்க வசதியாக உட்கார்ந்துகொண்டார்.