பதினெட்டு அங்குலம்

ஓர்லீன் ப்ராஃபிட்டின் வீட்டு அலமாரியில் இருந்த வேட்டைத் துப்பாக்கியின் குழல், இரண்டு ஆண்டு ஏழு மாதத்தில் பத்து அங்குலமும் அரைக்கால் அங்குலமும் குறைந்தது. யாரும் அறுக்கவில்லை, அரம் போட்டு ராவவுமில்லை. இருபத்தெட்டு அங்குலத்தில் தொடங்கியது. முதல் குளிர்காலத்தில் மூன்றேகால் போயிற்று, அடுத்த கோடையில் ஒன்றரை. டன்மோர் மாவட்டத்தில் அந்த ஆண்டுகளில் புகையிலை விலை இறங்கியது, மழை எப்போதும்போல் பெய்தது, சுரங்கம் ஒன்று மூடப்பட்டது.

அந்தத் துப்பாக்கியை அவள் கணவன் ஹோபர்ட், மகள் மார்லா பிறந்த வருடம் நூற்று நாற்பது டாலருக்கு வாங்கினான். நிலக்கரித் தூசி நுரையீரலில் ஏறி அவன் இறந்தபின் அது ஓர்லீனுடையதாயிற்று. மார்லாவைக் கட்டிக்கொண்ட கர்ட், கல்யாணமான இரண்டாவது இலையுதிர் காலத்தில் புறா வேட்டைக்கு என்று கேட்டான். ஓர்லீன் அலமாரியைத் திறந்து, தன் கையாலேயே துப்பாக்கியையும் ஒரு பெட்டி தோட்டாவையும் எடுத்துக் கொடுத்தாள். அவன் திருப்பித் தரவில்லை. மூன்று வருடம் கழித்து, மார்லா கண்ணோரம் கன்றிப்போன முகத்துடன் நீதிமன்றம் போய்ப் பாதுகாப்பு ஆணை வாங்கினாள். அந்த ஆணை இருக்கும்வரை கர்ட் துப்பாக்கியைத் தொடக்கூடாது என்றது மாநிலச் சட்டம். ஆனால் கையில் இருப்பதைக் காவல்துறையிடம்தான் ஒப்படைக்க வேண்டும் என்று அது சொல்லவில்லை. தனக்குப் பிடித்த யாரிடமாவது கொடுத்துவிட்டு, கொடுத்தேன் என்று ஒரு தாளில் கையெழுத்துப் போட்டால் போதும். வாங்கியவர் பெயரைக்கூட எழுத வேண்டாம். கர்ட் தன் தம்பி டென்னியிடம் கொடுத்தான், கையெழுத்துப் போட்டான். எட்டாவது நாள், செவ்வாய்க்கிழமை மதியம், டென்னியின் டிரக்கிலிருந்து அதைத் திரும்ப எடுத்துக்கொண்டு, காசு போட்டுத் துணி துவைக்கும் கடை வாசலுக்குப் போனான். மார்லா அங்கே படுக்கை விரிப்புகளை மடித்துக்கொண்டிருந்தாள்.

அவனுக்கு ஆயுள் தண்டனை கிடைத்தது. மேல்முறையீடெல்லாம் முடிய நான்கு வருடம் ஆயிற்று. அதன்பின் ஓர்லீனுக்கு மாவட்ட அலுவலகத்திலிருந்து, உங்கள் பொருளை வந்து பெற்றுக்கொள்ளவும் என்று ஒரு கடிதம் வந்தது. பள்ளிக்கூடச் சமையலறையில் முந்நூறு பிள்ளைகளுக்கு வேண்டிய சோள ரொட்டியை அடுப்பில் வைத்துவிட்டு, சமையல் அங்கியைக்கூடக் கழற்றாமல் அவள் நீதிமன்ற அடித்தளத்துக்குப் போனாள். சான்றுப் பொருள் அறையைப் பார்த்துக்கொள்ளும் வில்லடீன் அவளோடு ஒன்றாகப் படித்தவள்.

“உருக்கிப் போடு வில்லடீன். எங்க கையெழுத்துப் போடணும், சொல்லு.”

“முடியாதுடி. சட்டத்த மாத்திட்டாங்க. இந்த ரூமுக்குள்ள வந்த துப்பாக்கி எதையும் நாங்க அழிக்கக் கூடாதாம். ஒன்னு சொந்தக்காரங்ககிட்ட குடுக்கணும், இல்ல ஏலம் விடணும்.”

“எம் பொண்ணக் கொன்னதுடி அது.”

“எனக்குத் தெரியாதா? சாவுக்கு வந்து அழுதவதானே நானும்.” வில்லடீன் குரலைத் தாழ்த்திக்கொண்டாள். “நீ எடுக்கலேன்னா அடுத்த மாசம் ஏலம். டென்னி ரெண்டு தடவ வந்து விசாரிச்சிட்டான். அண்ணன் ஞாபகமா வீட்ல மாட்டி வெக்கணுமாம்.”

ஓர்லீன் கையெழுத்துப் போட்டாள். படிவத்தில் அவள் பெயருக்குக் கீழே ‘குற்றமற்ற உரிமையாளர்’ என்று அச்சடித்திருந்தது. பேனா அந்த இடத்தில் தாளைக் கிழித்துக்கொண்டு போயிற்று.

பக்கத்து வீட்டில் வெல்டிங் பட்டறை வைத்திருந்த ஃப்ளாய்ட், “குடுங்க மிஸ் ஓர்லீன், அஞ்சு நிமிஷ வேல, துண்டு துண்டாக்கிடுறேன்” என்றான். அவள் மறுத்துவிட்டாள். அவளுடைய துப்பாக்கி, அவள் விருப்பம்போல் உடைத்துக்கொள்ளலாம், சட்டத்தில் தடையில்லை. அதுதான் அவளுக்கு ஆறவில்லை. “நான் ஏன் உடைக்கணும்? எம் மகள காப்பாத்துறேன்னு ஆணையில முத்திர குத்திக் குடுத்த கவர்மெண்டுக்காரன், கொன்னதத் தொடச்சு என் கையிலயே குடுக்கிறான். அவன்தான் உடைக்கணும். அவன் கையால, நான் பாக்க” என்றாள்.

அதன்பின் அவள் சட்டம் படிக்கத் தொடங்கினாள். நீதிமன்ற நூலகத்திலிருந்து ஆயுதங்கள் பற்றிய பாகத்தை இரவல் வாங்கி வந்து, பள்ளிக்கூடம் விட்ட பிற்பகல்களில் சமையலறை மேசையில் விரித்துக்கொண்டாள். ஒரு வாக்கியம் அரைப் பக்கம் ஓடியது. தலைக்கும் வாலுக்கும் நடுவில் நான்கு விதிவிலக்குகள். சத்தம்போட்டு வாசித்தால்தான் அவளுக்கு அர்த்தம் பிடிபட்டது. யார் துப்பாக்கி வைத்திருக்கக் கூடாது என்பது ஓரிடத்தில் இருந்தது, எந்தத் துப்பாக்கியை யாருமே வைத்திருக்கக் கூடாது என்பது வேறோரிடத்தில். இந்த இரண்டாவது பட்டியலில், இயந்திரத் துப்பாக்கிக்கும் வெடிகுண்டுக்கும் அடுத்தபடியாக, பதினெட்டு அங்குலத்துக்குக் குறைந்த குழல் உள்ள வேட்டைத் துப்பாக்கி என்று இருந்தது. அதற்குக் கீழே சிறிய எழுத்தில், தடைசெய்யப்பட்ட ஆயுதம் அரசின் கைக்கு வந்தால் திருப்பித் தரவும் கூடாது, விற்கவும் கூடாது, மாவட்டக் காவல் அதிகாரியான ஷெரிஃப் அதை அழிக்க வேண்டும் என்றும் இருந்தது. அறுத்துக் குறைத்தவருக்குப் பன்னிரண்டு வருடம்வரை சிறை. அளக்கும் முறையையும் போட்டிருந்தார்கள்: தோட்டா இல்லை என்று உறுதிசெய்து, பின்பக்கத்தை மூடி, குழலுக்குள் குச்சியை விட்டு, வாய்வரை அளக்க வேண்டும். அவள் அப்படியே அளந்தாள். இருபத்தெட்டு. அரமும் ரம்பமும் ஃப்ளாய்டின் பட்டறையில் இருந்தன, அவள் அந்தப் பக்கமே போகவில்லை.

முதலில் குறைந்தது, அவள் ‘மூன்றாம் நபரிடம் ஒப்படைத்தல்’ என்ற பிரிவை வாசித்த அன்று. பாதியிலேயே அவள் குரல் உயர்ந்து, தெருவில் போனவர்கள் நின்று கேட்கும்படி ஆயிற்று. அடுத்த நாள் குச்சியை விட்டபோது இருபத்தேழே முக்கால் இருந்தது. அறுத்த தடம் இல்லை. குறிபார்ப்பதற்காகக் குழல் வாயில் பதித்திருந்த பித்தளை மணி இருந்த இடத்திலேயே இருந்தது. இலைகள் உதிர்வதைப் பார்ப்பதுபோல் அவள் அதைப் பார்த்தாள், கிறிஸ்துமஸ் வாழ்த்து அட்டையின் பின்பக்கம் தேதியையும் அளவையும் குறித்துவைத்தாள். மறுநாள் வேண்டுமென்றே கத்திப் பார்த்தாள், நூலளவும் குறையவில்லை. பொய்க் கோபத்தை அது மதிக்கவில்லை.

ஒரு பிப்ரவரி வாரம் முழுக்க அவள் தன்னையே திட்டிக்கொண்டிருந்தாள். அலமாரியைத் திறந்தது நீதானே, தோட்டாப் பெட்டியையும் சேர்த்துக் கொடுத்தது நீதானே என்று பாத்திரம் கழுவும்போதும் பிரார்த்தனைக் கூடத்திலும் உள்ளுக்குள் ஓடிக்கொண்டிருந்தது. வார முடிவில் அளந்தால் குழல் கால் அங்குலம் நீண்டிருந்தது. ஓர்லீன் நாற்காலியில் உட்கார்ந்து அந்தக் கால் அங்குலத்தை வெகுநேரம் பார்த்தாள். அன்றோடு தன்னைத் திட்டுவதை நிறுத்தினாள்.

மாநிலத் தலைநகரில் அந்தத் துப்பாக்கிச் சட்டங்களைப் பற்றிப் பொதுமக்கள் பேசலாம் என்று ஒரு நாள் ஒதுக்கினார்கள். ஆறு மணி நேரம் பேருந்தில் போனாள். இரண்டு நிமிடம் கொடுத்தார்கள். மார்லா மடித்துக்கொண்டிருந்த விரிப்பின் நிறத்தை அவள் சொல்ல வாயெடுத்தபோது, தலைவர், “நன்றிம்மா, நேரம் முடிஞ்சிடுச்சு” என்றார்; அடுத்து வந்த துப்பாக்கிக் கடைக்காரர் பதினொரு நிமிடம் பேசினார். வீடு திரும்பியபோது குழலில் முழுதாக ஓர் அங்குலம் இல்லை. அந்தச் செய்தி பத்திரிகையில் வந்தபின் வேறு பெண்கள் வரத் தொடங்கினார்கள். அக்காவைப் பறிகொடுத்த ரெனே முதலில் வந்தாள், அதே கடிதம், அதே படிவம். பிறகு ஞாயிறு பிற்பகல்களில் ஆறேழு பேர், கையில் ஆளுக்கொரு கடித உறை. பீன்ஸும் சோள ரொட்டியும் சாப்பிட்டு, தங்கள் தாள்களை உரக்க வாசித்தார்கள். அந்த வசந்தத்தில் குழல் வேகமாகக் குறைந்தது.

பதினெட்டுக்கு அரைக்கால் அங்குலம் குறைவாக அது நின்ற காலையில், ஓர்லீன் மூன்று முறை அளந்துவிட்டு ஷெரிஃப் அலுவலகத்துக்குத் தொலைபேசினாள். ஷெரிஃப் லானி ஸ்ட்ரங்க் தானே வந்தான். பள்ளியில் ஆறு வருடம் அவள் கையால் சாப்பிட்டவன். குனிந்து அளந்தான், குழல் வாயை விரலால் தடவிப் பார்த்தான்.

“இத யாரு அறுத்தது, மிஸ் ஓர்லீன்?”

“யாரும் அறுக்கல. தடவிப் பாத்தீல்ல?”

“இது தடை செஞ்ச ஆயுதம். வீட்ல வெச்சிருந்தாலே குத்தங்க. நான் உங்கள கூட்டிட்டுத்தான் போகணும்.”

“அதுக்குத்தானே கூப்பிட்டேன். நான் போன் போட்டு எவ்ளோ நேரம் ஆச்சு, லானி?”

“இருபது நிமிஷம் இருக்குங்க.”

“அரைக்கால் அங்குலத்துக்கு இருபது நிமிஷத்துல ஓடி வந்துட்ட. எம் பொண்ணு ‘அவங்கிட்ட துப்பாக்கி இருக்கு’ன்னு மூணு தடவ போன் போட்டா. எட்டு நாள். ஒருத்தன் வந்தீங்களாடா?”

லானி கைவிலங்கை எடுத்தான். விலங்கை முதுகுப்பக்கம் மாட்டுவதுதான் விதி. அவன் முன்பக்கமாக மாட்டினான். வண்டிக் கதவைத் தானே திறந்துவிட்டான். ஓர்லீன் அதைப் பார்த்தாள், அவனுக்காக இரக்கப்படவில்லை.

குற்றம் சாட்டலாமா என்று முடிவுசெய்யப் பன்னிரண்டு பேரை உட்கார வைத்தார்கள். துப்பாக்கி பழுதுபார்ப்பவர் ஒருவர் பூதக்கண்ணாடி வைத்துப் பார்த்து, இதில் ரம்பமே பட்டதில்லை, தொழிற்சாலையிலிருந்து வந்த வாய் இது என்று சத்தியம் செய்தார். அரசு வழக்கறிஞர் எழுந்து, பதினெட்டு அங்குலப் பிரிவை நிறுத்தி நிதானமாக வாசித்தார். துப்பாக்கி மேசைமேல் அசையாமல் கிடந்தது. முன்வரிசையில் இருந்த புகையிலை விவசாயி ஒருவர் கையைத் தூக்கினார்.

“அந்த இன்னொரு பக்கத்தையும் படிங்க சார். தம்பிகிட்ட குடுத்தா போதும்னு இருக்காமே, அத.”

வழக்கறிஞருக்கு விருப்பமில்லை, ஆனால் கேட்டால் வாசிக்க வேண்டும். வாசித்தார். மூன்றாம் நபரின் பெயரைக் குறிப்பிடத் தேவையில்லை என்ற வரிக்கு அவர் வந்தபோது, பன்னிரண்டு பேர் கண்ணெதிரே குழல் இரண்டு அங்குலம் பின்வாங்கியது. நத்தை கொம்பை இழுத்துக்கொள்வது போலத்தான் இருந்தது என்று பிறகு சொன்னார்கள். நீதிமன்ற எழுத்தர் ‘காலை பதினொன்று நாற்பது, இரண்டு அங்குலம்’ என்று பதிவேட்டில் எழுதினார். ஓர்லீன்மேல் குற்றம் சாட்ட ஒருவரும் கை தூக்கவில்லை.

ஆனால் துப்பாக்கி தடைசெய்யப்பட்டதுதான், அளவு அளவுதான். மே மாதம் பதினான்காம் தேதி, மாவட்ட வாகனக் கொட்டகைக்குப் பின்னால், லானி ஸ்ட்ரங்க் கண்ணாடி மாட்டிக்கொண்டு, இரும்பை வெட்டும் வாயுத்தீயைப் பற்றவைத்து, அதை ஏழு துண்டாக்கினான். ஒரு மணி நேரம் ஆயிற்று. நாற்காலி போட்டும் ஓர்லீன் உட்காரவில்லை. கடைசித் துண்டு விழுந்ததும், அழித்ததற்கான தாளில் அவனைக் கையெழுத்துப் போடச் சொன்னாள். பெயரை முழுதாக எழுதச் சொன்னாள். பிறகு வண்டிக்குள் போய், மார்லா இறந்த அன்று அழாத அழுகையை அழுதாள். கோபம் தீர்ந்ததா என்று வில்லடீன் கேட்டதற்கு, “எதுக்குடி தீரணும்? ரெனேவோடது இன்னும் ஷெல்ஃப்ல கெடக்குதே” என்றாள்.

ரெனேயின் அக்காவைக் கொன்ற துப்பாக்கி ஆகஸ்டில் பதினெட்டைத் தாண்டிக் கீழே வந்தது. இப்போது யாரும் பொருளை வீட்டுக்கு எடுத்துப் போவதில்லை. அடித்தளத்துக்கே வந்து வாசிக்கிறார்கள். படிவத்தில் ‘அறுக்கப்பட்டது’ என்ற கட்டத்துக்குப் பக்கத்தில் ‘தானாகக் குறைந்தது’ என்று இன்னொரு கட்டம் போட்டுவிட்டார்கள். மாநிலச் சட்டமன்றம் அடுத்த கூட்டத்தொடரில் அவசர அவசரமாக, பதினெட்டு அங்குலத்தைப் பன்னிரண்டு ஆக்கியது. அதனால் துப்பாக்கி ஒன்றுக்குக் கூடுதலாக நான்கைந்து மாதம் பிடிக்கிறது. வில்லடீன் மேலும் ஆறு நாற்காலி கேட்டு எழுதினாள், வந்தன.