பொட்டழிக்கும் காட்சி

தொலைக்காட்சி இந்தத் தீவுக்கு வந்து இரண்டு வருஷம். இரண்டு வருஷமும் அலமேலு தட்டுத் தூக்கினாள். நாடகத்தில்தான். இயக்குநர் க்ளோட் எந்த நாடகம் போட்டாலும் தேநீர் கொண்டுவரும் வேலைக்காரி அவள். வாய் திறக்க ஒரு வரி கிடையாது. அவள் ஊரான ட்ரியோலேயின் கடைத்தெருவில், "டீ ஆறிடப்போகுது, சீக்கிரம் போ" என்று கேலி செய்வார்கள். சிரித்துக்கொண்டே போவாள், உள்ளுக்குள் எரியும்.

இன்னொரு ஏக்கமும் இருந்தது. புருஷன் சின்னன் லண்டன் ஆஸ்பத்திரி வேலைக்குப் போய் நாலு வருஷம். அவளுக்குக் கடிதம் வருவது நின்று பதினாலு மாதம்.

அறுபத்தேழில் ஒருநாள் க்ளோட் கூப்பிட்டான்.

"இந்தத் தடவை நீதான் கதாநாயகி. பக்கம் பக்கமா வசனம். புருஷன் செத்த சேதி வந்ததும் பொட்டை அழிக்கணும். கேமரா நெத்திகிட்டயே நிக்கும். நேரடி ஒளிபரப்பு, ஏமாத்த முடியாது. முடியாதுன்னா இந்த வேஷத்துக்கு ஜோசெட்டைக் கூப்பிடுவேன்."

பேருந்தில் வரும் வழியெல்லாம் மனம் கிடந்து அடித்துக்கொண்டது. உயிரோடு இருக்கிற புருஷனுக்கு நடிப்புக்காகக்கூடப் பொட்டழிப்பார்களா? மாமியார் கண்ணம்மாவோ மருமகள் நெற்றியில் குங்குமத்தைப் பார்க்காமல் காலையில் பச்சைத் தண்ணீர் குடிக்காதவள். வேண்டாமென்று முடிவு செய்துகொண்டுதான் வீட்டுக்குள் நுழைந்தாள்.

"விதவை வேஷம் வந்துச்சு மாமி. பொட்டழிக்கணுமாம். மாட்டேன்னு சொல்லப்போறேன்."

அரிசியில் கல் பொறுக்கிய கண்ணம்மாவின் கை நின்றது. "பேசற வேஷமா?"

"நிறைய."

"அப்ப நடி. அலே, கிளம்பு, போய்ச் சொல்லிட்டு வா."

அலமேலுவுக்கு ஒரு நொடி சந்தோஷம்தான். மறுநொடி மாமியாரின் முகத்தைப் பார்த்தாள். இது கண்ணம்மா பேசுகிற பேச்சா?

"மாமி, அவருக்கு ஏதாவது ஆயிடுச்சா?"

"அவனுக்கென்ன கேடு, நல்லாதான் இருக்கான்." கண்ணம்மா நிமிரவில்லை. "அங்கயே ஒருத்தியைச் சேத்துக்கிட்டான். புள்ளையும் இருக்காம். மார்ச்லயே எனக்கு எழுதிட்டான். உங்கிட்ட சொல்ல எனக்கு வாய் வரல."

அலமேலு நடித்தாள். பொட்டை அழிக்கப் போன கை பாதியில் நின்றது. ஒத்திகையில் அப்படி இல்லை. பிறகு அழித்தாள். தீவே அந்தக் கையைப் பற்றித்தான் பேசியது.

அதெல்லாம் அப்புறம். அன்றைக்கு விளக்கு அணைந்ததும் ஒப்பனை அறைக்கு ஓடி, முதல் வேலையாகக் குங்குமத்தை எடுத்து வைத்துக்கொண்டாள்.

"முகத்தைக்கூடக் கழுவல, அதுக்குள்ள என்ன அவசரம்?" என்றாள் ஜோசெட்.

"அவரு நல்லா இருக்கணும்ல," என்றாள் அலமேலு.